இரவல் நிதானம்: கம்பம் பள்ளத்தாக்கின் பிள்ளைகளும் அவர்களது கவனமும்

மேற்கே மலைத்தொடரும் கிழக்கே மேகமலையும் அரணாக நிற்க, நடுவே முல்லைப் பெரியாற்று நீர் பாய்ந்து 14,707 ஏக்கரில் இரு போகம் நெல் விளையும் கம்பம் பள்ளத்தாக்கில், பொழுது புலர்வதற்கு முன்னரே ஊர்கள் விழித்துக்கொள்கின்றன. கூடலூர், கம்பம், காமயகவுண்டன்பட்டி, உத்தமபாளையம், போடிநாயக்கனூர் முதலிய ஊர்களிலிருந்து பெண்கள் தூக்குச்சட்டியில் மத்தியானச் சோற்றை எடுத்துக்கொண்டு, ஜீப்புகளில் நெருக்கியடித்து ஏறி, குமுளி, கம்பம்மெட்டு, போடிமெட்டுப் பாதைகளின் வழியே எல்லை கடந்து, இடுக்கி மாவட்டத்து ஏலத்தோட்டங்களுக்குக் கூலி வேலைக்குச் செல்கிறார்கள். பொழுது சாய்ந்த பிறகே வீடு திரும்புகிறார்கள். அவர்கள் புறப்பட்டுச் சில மணி நேரம் கழித்து அதே ஊர்களின் பள்ளிக்கூடங்களில் மணி அடிக்கிறது. "ஒரு இடத்துல இருக்க மாட்டேங்கிறான், சொன்னது எதுவும் ஏறலை, தொட்டதுக்கெல்லாம் கோபம் வருது" என்று சில பிள்ளைகளைப் பற்றி ஆசிரியர்கள் குறைப்படுகிறார்கள். முன்னதைத் தொழிலாளர் விஷயமென்றும் பின்னதை மனோதத்துவ விஷயமென்றும் பிரித்தே பேசி நாம் பழகிவிட்டோம். இவ்விரண்டும் ஒரே வீட்டில், ஒரே காலைப் பொழுதில் நிகழ்பவை என்பதை மறவாமல், குழந்தையின் கவனமும் உணர்ச்சியும் எவ்வாறு உருவாகின்றன, அவை தடுமாறும்போது யார் என்ன செய்ய முடியும் என்று ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

பிறந்த குழந்தைக்குத் தன் அழுகையைத் தானே அடக்கிக்கொள்ளும் சக்தி கிடையாது. தூக்கிச் சுமப்பவரின் கைச்சூடும், தாலாட்டின் ஒரே சீரான ஓசையும், முகத்தை முகத்தோடு வைத்துப் பேசும் குரலுமே அதன் படபடப்பைத் தணிக்கின்றன. அதாவது, தன்னிடம் இல்லாத நிதானத்தை அது பிறரிடமிருந்து இரவலாகப் பெறுகிறது. பல்லாயிரம் தடவை அவ்வாறு பெற்ற பிறகே அது மெல்ல மெல்லச் சொந்தமாகிறது. 1934-இல் இளவயதிலேயே காலமான ரஷ்ய மனோதத்துவ அறிஞர் வைகாட்ஸ்கி, மனத்தின் உயர்ந்த சக்திகள் அனைத்தும் முதலில் இரு மனிதருக்கிடையே தோன்றிப் பின்னரே குழந்தைக்குள் குடியேறுகின்றன என்று விளக்கினார். அவருடைய சகாவான லூரியா, முதலில் பெரியவர் இடும் கட்டளை, பிறகு குழந்தை தனக்குத்தானே வாய்விட்டுச் சொல்லிக்கொள்ளும் கட்டளை, கடைசியில் வாய் திறவாத உள்மொழி என்று அவ்வளர்ச்சியின் படிகளைக் காட்டினார். "நில்லு, பாத்துப் போ" என்று பாட்டி சொல்ல நிற்கும் மூன்று வயதுக் குழந்தையும், "பொறு, இன்னொரு தடவை படிச்சுப் பார்" என்று தனக்குள் சொல்லிக்கொண்டு கணக்கைத் திருத்தும் பன்னிரண்டு வயதுச் சிறுமியும் ஒரே பாதையின் இரு முனைகளில் நிற்கிறார்கள்.

இந்தப் பாதையில் எல்லாப் பிள்ளைகளும் ஒரே வேகத்தில் நடப்பதில்லை. அமெரிக்கத் தேசிய மனநல ஆய்வுக் கழகத்தைச் சேர்ந்த ஷா முதலியோர், கவனக்குறைவு மிகைச் செயல்பாட்டுக் கோளாறு உள்ள பிள்ளைகளின் மூளையைப் பல ஆண்டுகள் தொடர்ந்து படமெடுத்து ஆராய்ந்து 2007-இல் வெளியிட்ட முடிவு இதற்குச் சிறந்த சாட்சி. மூளைப் புறணியின் பாதிப் பகுதி அதன் உச்சத் தடிப்பை மற்றப் பிள்ளைகளிடம் சராசரியாக ஏழரை வயதில் அடைய, இப்பிள்ளைகளிடம் பத்தரை வயதில்தான் அடைகிறது. நிறுத்தி யோசிப்பதற்கும் காத்திருப்பதற்கும் உரிய முன்பகுதியிலே இத்தாமதம் இன்னும் தெளிவாகத் தெரிந்தது. எனவே, ஐந்தாம் வகுப்பில் இருக்கும் இத்தகைய பையனிடம் ஐந்தாம் வகுப்புக்குரிய அடக்கத்தை எதிர்பார்ப்பது, இரண்டாம் வகுப்புப் பிள்ளையிடம் அதை எதிர்பார்ப்பதற்குச் சமம். அவனுக்கு இரவல் இன்னும் சில காலம் வேண்டியிருக்கிறது. அந்த வயதில்தான் நாம் அதை நிறுத்திவிடுகிறோம்.

இத்தகைய பிள்ளைகளை உலகம் நெடுங்காலமாகக் கவனித்தே வந்திருக்கிறது; ஆயினும், கண்டதற்குக் கற்பித்த காரணம் காலத்துக்குக் காலம் மாறியது. 1798-இல் ஸ்காத்லாந்து வைத்தியர் அலெக்சாந்தர் கிரைட்டன், எந்த ஒரு பொருளிலும் நிலைத்து நிற்க முடியாத மனநிலையை விவரித்து, வயது ஏற ஏற அது பெரும்பாலும் குறைந்துவிடும் என்று அனுதாபத்தோடு எழுதினார். 1902-இல் லண்டன் ராஜாங்க வைத்தியக் கல்லூரியில் மூன்று சொற்பொழிவுகள் நிகழ்த்திய ஜார்ஜ் ஸ்டில், புத்தியில் குறையில்லாமலேயே அடங்காமலும் சினந்தும் நடந்துகொள்ளும் குழந்தைகளை மிக நுணுக்கமாக வருணித்தார்; ஆனால் அதற்கு அவர் இட்ட பெயர், ஒழுக்கக் கட்டுப்பாட்டின் குறை என்பது. அவர் கருதியது தேக சம்பந்தமான ஒரு பலவீனத்தையே என்றாலும், அப்பெயரில் ஒரு தீர்ப்பின் தொனி ஏறிவிட்டது. ஐரோப்பாவில் அக்காலத்தில் பரவியிருந்த பரம்பரைக் குற்றச் சுபாவம் என்ற கொள்கையும் அத்தொனிக்குப் பக்கபலமாயிற்று.

அந்தத் தொனி கம்பம் பள்ளத்தாக்குக்கு அந்நியமானதன்று. 1911-ஆம் ஆண்டுக் குற்றப் பரம்பரைச் சட்டம் சென்னை மாகாணத்துக்கு விரிவாக்கப்பட்ட பிறகு, மதுரை ஜில்லாவின் பிறமலைக் கள்ளர் சமூகம் முழுவதையும் அச்சட்டத்தின் கீழ்க் கொண்டுவந்து, பிறப்பினாலேயே குற்றச் சுபாவம் உடையவர்கள் என்று அரசாங்கமே ஆணையிட்டது. எதிர்த்து நின்ற பெருங்காமநல்லூரில் 1920 ஏப்ரல் 3 அன்று துப்பாக்கிச் சூடு நடந்தது. அந்த ஆண்டு தொட்டு அரசாங்கம் தொடங்கிய சீரமைப்புத் திட்டத்தின் கீழ் அச்சமூகத்துப் பிள்ளைகளுக்கென்று பள்ளிக்கூடங்கள் எழுந்தன. கள்ளர் சீரமைப்புப் பள்ளிகள் என்ற பெயரோடு அவை மதுரை, தேனி, திண்டுக்கல் மாவட்டங்களில் இன்றளவும் நடக்கின்றன. சட்டம் 1947-இல் நீங்கியது. அப்பள்ளிகள் தலைமுறை தலைமுறையாக எத்தனையோ வீடுகளில் முதல் எழுத்தறிவை ஏற்றிவைத்தன என்பதை நன்றியோடு சொல்ல வேண்டும். ஆயினும், அவை தொடங்கிய காலத்தில் பெஞ்சில் அமர்ந்த பிள்ளையின் துடிதுடிப்பையும் கோபத்தையும் அவனுடைய ரத்தத்தின் இயல்பாகவே அதிகாரிகள் கண்டார்கள். ஒரு பிள்ளையை முதலில் நல்லவன் கெட்டவன் என்று வகைப்படுத்திவிட்டுப் பிறகு பாடம் சொல்லத் தொடங்கும் பழக்கத்தின் தீங்கை, தமிழ்நாட்டின் வேறெந்தப் பகுதியையும்விட இந்தப் பகுதி நேரடியாக அனுபவித்திருக்கிறது. இன்று எந்தச் சாதிப் பிள்ளையானாலும், அடங்காதவன், வீணாய்ப் போனவன், மக்கு என்று எட்டு வயதில் ஒருவனுக்கு முத்திரை விழும்போது நடப்பதும் அதன் சிறிய வடிவமே என்பது என் உறுதியான அபிப்பிராயம்.

அந்த முத்திரையின் இடத்தில் வைத்திய சாஸ்திரம் கொடுத்த பெயர் 1980-இல் கவனக்குறைவுக் கோளாறு என்றும், 1987-இல் மிகைச் செயல்பாட்டையும் சேர்த்தும் அமைந்தது. ஒழுக்கத் தீர்ப்பு நீங்கியது பெரும் பேறு. எனினும், வைத்தியப் பெயரும் அவசரத்தில் ஒட்டப்பட்டால் முத்திரையாகிவிடும். இப்பெயரைச் சூட்டுவதற்கு, குறிகள் பன்னிரண்டு வயதுக்கு முன்பே தோன்றியிருக்க வேண்டும். ஆறு மாதமேனும் நீடித்திருக்க வேண்டும். வீடு, பள்ளி என இரண்டு இடங்களிலாவது காணப்பட வேண்டும். அவற்றால் பிள்ளையின் வாழ்வு இடர்ப்பட்டிருக்க வேண்டும். வகுப்பில் மட்டும் கவனம் சிதறி, தென்னந்தோப்பில் நாள் முழுதும் ஓணான் பிடிப்பதிலோ அண்ணனோடு மோட்டார் பழுது பார்ப்பதிலோ ஒன்றிப்போகும் பிள்ளையைப் பற்றி நாம் பேசும்போது, மிகுந்த எச்சரிக்கை வேண்டும். இக்கோளாறு உள்ள பிள்ளைக்கும் மனத்துக்கு உவந்ததில் ஒன்றிப்போகும் ஆற்றல் உண்டு. ஆதலால் அந்த ஒன்றிப்போதல் கோளாறு இல்லை என்பதற்கும் சாட்சியாகாது, பிள்ளை வேண்டுமென்றே படிக்க மறுக்கிறான் என்பதற்கும் சாட்சியாகாது.

உலகெங்கும் நடந்த ஆய்வுகளை 2007-இல் தொகுத்துப் பார்த்தவர்கள் பிள்ளைகளிடம் இக்கோளாறுக்குக் கண்ட விகிதம் நூற்றுக்கு ஐந்துக்குச் சற்று மேல். நம் பக்கத்தில், கோயம்புத்தூர் மாவட்டத்தின் நான்கு பள்ளிகளில் ஆறு முதல் பதினொரு வயது வரையுள்ள 770 பிள்ளைகளை ஆராய்ந்து 2013-இல் வெளியான ஆய்வில் இவ்விகிதம் 11.32 ஆக இருந்தது. அதைவிட முக்கியமான எண் அதே ஆய்வுக்குள் இருக்கிறது: நடுத்தரக் குடும்பத்துப் பிள்ளைகளிடம் 6.84 விழுக்காடு, வருவாய் குறைந்த குடும்பத்துப் பிள்ளைகளிடம் 16.33 விழுக்காடு. இக்கோளாறில் பரம்பரைக்குப் பெரும் பங்கு உண்டென்பது நிலைநாட்டப்பட்ட உண்மை. ஆனால் இவ்விரு எண்களுக்கும் இடையேயுள்ள தூரத்தைப் பரம்பரை ஒன்றே உண்டாக்கியிருக்க முடியாது. தூக்கம், உணவு, வீட்டின் நெருக்கடி, பிள்ளையின் பக்கத்தில் ஒரு பெரியவர் நிதானமாக இருக்கக் கிடைக்கும் நேரம் ஆகியவை அந்த இடைவெளிக்குள்ளே வாசம் செய்கின்றன.

ஆகையால், கம்பம் பள்ளத்தாக்கில் ஒரு பிள்ளைக்குக் கவனம் நிற்கவில்லை என்று தோன்றினால், பெரிய பெயர்களுக்குப் போகுமுன் மிகச் சாதாரணமான விஷயங்களைச் சோதிக்க வேண்டும். கரும்பலகை தெரியாத பிள்ளை பக்கத்துப் பையனோடு பேசிக்கொண்டுதான் இருப்பான். தேனியில் 1985 முதலே அரவிந்த் கண் மருத்துவமனை இருப்பதால் கண் சோதனை இப்பகுதிக்கு எட்டாக்கனியன்று. சீழ் வடியும் காது மற்றொரு காரணம். ரத்த சோகை இன்னொன்று: 2019–21-இல் நடந்த தேசியக் குடும்ப நலக் கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டில் ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகளில் 57.4 விழுக்காட்டினருக்கு ரத்த சோகை இருந்தது. இரும்புச் சத்துக் குறைந்த உடலில் மனம் எங்ஙனம் ஒரு நிலையில் நிற்கும்? வீட்டில் கன்னடமோ தெலுங்கோ பேசும் குடும்பங்கள் பள்ளத்தாக்கில் நிரம்ப உண்டு. அவ்வீட்டுக் குழந்தை முதல் வகுப்பில் தமிழ்ப் பாடத்தைக் கேட்டு மலங்க மலங்க விழித்தால் அது கோளாறன்று. வயதும் ஒரு விஷயம். அமெரிக்காவில் நான்கு லட்சத்துக்கு மேற்பட்ட பிள்ளைகளின் பதிவேடுகளை ஆராய்ந்து 2018-இல் வெளியான கட்டுரை, செப்டம்பர் 1-ஆம் தேதியைச் சேர்க்கை எல்லையாகக் கொண்ட மாநிலங்களில், வகுப்பிலேயே மிக இளையவர்களான ஆகஸ்டில் பிறந்த பிள்ளைகளுக்கு, செப்டம்பரில் பிறந்தவர்களைவிட இக்கோளாறுப் பெயர் மூன்றில் ஒரு பங்கு அதிகமாகச் சூட்டப்பட்டிருப்பதைக் காட்டியது. வயதைக் கூட்டிச் சொல்லிப் பள்ளியில் சேர்க்கும் பெற்றோர் இதைச் சிந்திக்க வேண்டும்.

இங்கே, இப்பள்ளத்தாக்குக்கே உரிய ஒரு கேள்வியையும் எழுப்ப வேண்டியிருக்கிறது. ஆண்டு முழுவதும் கனி தரும் பன்னீர் திராட்சைப் பந்தல்களும், மலைமேல் ஏலத்தோட்டங்களும் பூச்சிமருந்தை நிரம்ப வாங்கும் வெள்ளாமைகள். கலிபோர்னியாவின் சலினாஸ் பள்ளத்தாக்கிலும் இப்படித்தான்: அங்கும் கீரைத் தோட்டங்களில் கூலி வேலை செய்யும் குடும்பங்கள், அங்கும் மருந்து வாசனையோடு வீடு திரும்பும் தாய்மார். அப்பெண்களைக் கர்ப்ப காலம் முதலே தொடர்ந்து கவனித்துவந்த பெர்க்லி பல்கலைக்கழகத்து ஆராய்ச்சியாளர்கள், கர்ப்பத்தில் ஆர்கனோபாஸ்பேட் வகை மருந்துகளின் தடயம் சிறுநீரில் அதிகமாகக் காணப்பட்ட தாய்மாரின் பிள்ளைகளிடம் ஐந்து வயதில் கவனக் குறைபாடுகள் அதிகம் தென்பட்டதை 2010-இல் எடுத்துரைத்தார்கள். அதே ஆண்டில் அமெரிக்க தேசமளாவிய மாதிரியில் 8 முதல் 15 வயது வரையுள்ள 1,139 பிள்ளைகளை வைத்து நடந்த வேறோர் ஆய்வும் அதே திசையையே சுட்டியது. இவை காரண காரியத்தை முடிவாக நிரூபிப்பவை என்று சொல்ல முடியாது. சேர்ந்து காணப்படுவதைக் காட்டுபவை. ஆனாலும், தேனி அரசு மருத்துவக் கல்லூரி முன்னின்று நடத்தத் தகுந்த ஆராய்ச்சி ஒன்று உண்டென்றால் அது இதுவே. மருந்தடித்த சேலையை மாற்றிக் கைகால் கழுவிவிட்டுக் குழந்தையை எடுக்கும் வழக்கத்தையும், கர்ப்பிணிகளை மருந்தடிக்கும் வரிசையிலிருந்து விலக்கும் ஏற்பாட்டையும் ஆராய்ச்சி முடியும்வரை ஒத்திப்போடத் தேவையில்லை.

இனி உணர்ச்சிகளுக்கு வருவோம். கவனமும் உணர்ச்சியும் இருவேறு துறைகள்போலப் பேசப்பட்டாலும், அனுபவத்தில் அவை பிரிவதில்லை. கவனம் நிற்காத பிள்ளை நாள்தோறும் பத்துப் பதினைந்து தடவையாவது வசவு வாங்குகிறான், அவமானம் கோபமாகிறது, கோபம் வந்தபின் கவனம் ஏது? தமிழ் மரபு இவ்விஷயத்தில் நமக்கு அரியதொரு செல்வத்தை வைத்துச் சென்றிருக்கிறது. தொல்காப்பியத்தின் மெய்ப்பாட்டியல், உடம்பில் வெளிப்படும் உணர்ச்சிகளை எட்டாக வகுத்து, ஒவ்வொன்றும் பிறக்கும் நிலைக்களன்கள் நான்கென எண்ணி முப்பத்திரண்டையும் அடுக்குகிறது. நாடகத்துக்கும் செய்யுளுக்கும் வகுத்த இலக்கணம் அது; ஆனாலும் பள்ளி ஆசிரியர் ஒருவர் அதைப் படித்தால், தம் வகுப்பறையையே அதில் காண்பார். அழுகைக்குச் சொன்ன காரணங்களில் இழப்பும் வறுமையும் மட்டுமன்றிப் பிறர் இகழ்தலும் இருக்கிறது. வெகுளிக்குச் சொன்னவற்றில், தன்னைச் சார்ந்தவரை நலிதலும், வைதும் அடித்தும் வருத்துதலும் இருக்கின்றன. அச்சம் பேய்க்கும் விலங்குக்கும் கள்வருக்கும் மட்டும் அன்று, தனக்கு மேலான அதிகாரத்துக்கும் உரியது. பெருமிதத்துக்கு முதற் காரணமாகக் கல்வி கூறப்படுகிறது. உவகையின் காரணங்களுள் விளையாட்டு இடம் பெறுகிறது. கோபத்தை ஒரு குணமாக எண்ணித் தண்டிப்பதற்குப் பதிலாக, இது எங்கிருந்து எழுந்தது என்று அதன் பிறப்பிடத்தைத் தேடும் நோக்கு அந்நூலில் அடித்தளமாகவே அமைந்திருக்கிறது.

தற்கால ஆராய்ச்சியும் இவ்விடத்தில் துணை நிற்கிறது. 2007-இல் கலிபோர்னியாவில் லீபர்மன் முதலியோர் செய்த பரிசோதனையில், சினமோ பயமோ தோன்றும் முகங்களின் படங்களைக் கண்ட பெரியவர்கள் அவ்வுணர்ச்சிக்கு ஒரு பெயர் சொன்னபோது, மூளையில் அபாய உணர்வைக் கிளப்பும் அமிக்டலா என்னும் பகுதியின் கிளர்ச்சி தணிந்தது. நிதானத்துக்குரிய முன்பகுதி ஒன்று அப்போது எழுந்து வேலை செய்தது. பெயர் சொல்லுதல் என்பது, எரிச்சலுக்கும் கைக்கும் நடுவே ஒரு கணத்தை உண்டாக்குகிறது. ஆனால் குழந்தைக்கு அப்பெயரைக் கொடுக்க வேண்டியவர் யார்? மாலை ஐந்து மணிக்கு வாசற்படியில் உட்கார்ந்து எல்லாவற்றையும் எட்டி உதைத்துக்கொண்டிருக்கும் பேரனிடம், "சும்மா இருடா" என்று அதட்டுவதற்குப் பதிலாக, "என்ன ராசா, அம்மா இன்னும் வரலைன்னு மனசு கெடந்து தவிக்குதா? ஜீப்பு வர இன்னும் கொஞ்ச நேரமாகும், வா, அதுவரைக்கும் கீரை ஆய்வோம்" என்று ஒரு அம்மாச்சி சொல்லும்போது, அவர் மூன்று காரியங்களை ஒருங்கே செய்துவிடுகிறார்: தவிப்புக்குப் பெயர் கொடுத்தார், காரணத்தைக் காட்டினார், கைக்கு ஒரு வேலையையும் கொடுத்தார். மனோதத்துவ நிபுணர்கள் பயிற்சிப் புத்தகங்களில் எழுதுவதும் சாரத்தில் இதுவே. இதைச் செய்ய அம்மாச்சிக்குப் படிப்பு வேண்டியதில்லை. ஆனால் அவருக்குத் தெம்பு வேண்டும். பேரப்பிள்ளைகள் மூவரையும், ஆடு இரண்டையும், தன் முழங்கால் வலியையும் சேர்த்துச் சுமக்கும் கிழவியிடம் அந்தத் தெம்பு எல்லா நாளும் இருக்குமென்று எதிர்பார்ப்பது நியாயமன்று.

வகுப்பறையில் ஆசிரியர் செய்யக்கூடியவற்றில் புதுமை எதுவும் இல்லை. அவற்றைத் தளராமல் தினமும் செய்வதுதான் கடினம். கவனம் நிற்காத பிள்ளையை முன் வரிசையில், ஜன்னலுக்கு எட்டாத இடத்தில் அமர்த்துவது; ஒரே மூச்சில் நான்கு கட்டளைகள் இடாமல் ஒன்றைச் சொல்லி, அது முடிந்ததும் அடுத்ததைச் சொல்வது; இருபது கணக்கை ஐந்து ஐந்தாகப் பிரித்துக் கொடுத்து, நடுவே சாக்பீஸ் எடுத்து வரவோ தண்ணீர்க் குடத்தை நகர்த்தவோ எழுப்பிவிடுவது; செய்த நல்லதை அந்தக் கணத்திலேயே சொல்லிப் பாராட்டுவது. இறுதியாகச் சொன்னது மிக முக்கியம்: இப்பிள்ளைகளின் மனம் நாளைக்குக் கிடைக்கும் பரிசுக்காகக் காத்திராது. தமிழ்நாட்டு ஆரம்பப் பள்ளிகளில் 2003 முதல் சென்னை மாநகராட்சியில் தொடங்கிப் பின்னர் மாநிலம் முழுவதும் பரவிய செயல்வழிக் கற்றல் முறை, தரையில் வட்டமாக அமர்ந்து, அட்டைகளை எடுத்து, பிள்ளை தன் வேகத்தில் நகர இடங்கொடுத்தது. அதைப் பற்றி எத்தனையோ குறைகள் சொல்லப்பட்டன. ஆனால் துடிதுடிப்பான பிள்ளைக்கு அது இயல்பான வீடாக இருந்தது என்பதை மறந்துவிடலாகாது.

விளையாட்டும் இதே வேலையைச் செய்கிறது. ஆட்டத்தின் விதிக்காகத் தன் கையை அடக்குவதும், தன் முறைக்குக் காத்திருப்பதும், விதி மாறியதும் உடனே மாறுவதும், நிதானத்தை வளர்க்கும் பயிற்சிகள் என்று அமெரிக்காவில் மெக்லெலண்ட் என்பவரும் அவருடைய சகாக்களும் பாலர் பள்ளிகளில் விளையாட்டுகளை வைத்தே ஆராய்ந்து எழுதியிருக்கிறார்கள். பல்லாங்குழியில் முத்தை ஒவ்வொன்றாக இடும் கை, நொண்டியில் கோட்டைத் தொடாமல் நிற்கும் கால், கண்ணாமூச்சியில் எண்ணி முடிக்கும் வரை மூடியிருக்கும் கண் ஆகிய யாவும் அப்பயிற்சிகளே. இவற்றைப் பழைமைப் பெருமைக்காகச் சொல்லவில்லை. தாய் வரும்வரையுள்ள மாலை நேரத்தில், கைப்பேசித் திரை இல்லாமல், செலவும் இல்லாமல், ஊர்ப் பிள்ளைகளுக்குக் கிடைக்கும் சிகிச்சை இதுவென்பதற்காகவே சொல்கிறேன்.

மாத்திரைகளைப் பற்றியும் ஒளிவுமறைவின்றிப் பேச வேண்டும். 1937-இல் அமெரிக்காவில் சார்லஸ் பிராட்லி என்ற வைத்தியர், தலைவலிக்காகக் கொடுத்த கிளர்ச்சி மருந்து ஒன்று பிள்ளைகளின் நடத்தையையும் படிப்பையும் எதிர்பாராத விதத்தில் செம்மைப்படுத்தியதைக் கண்டார். இன்று வழங்கும் மெதைல்பெனிடேட் அந்த வம்சத்தைச் சேர்ந்தது. ஏழு முதல் ஒன்பது வயது வரையுள்ள 579 பிள்ளைகளை வைத்து நடந்து 1999-இல் வெளியான பெரிய ஆய்வில், பதினான்கு மாத முடிவில், கவனமாக அளவிட்டுக் கொடுத்த மருந்து கோளாறின் முக்கியக் குறிகளை நடத்தைப் பயிற்சியைவிட அதிகமாகக் குறைத்தது. ஆனால் மூன்றாண்டு கழித்து அதே பிள்ளைகளைப் பார்த்தபோது சிகிச்சைகளுக்கு இடையே இருந்த வேற்றுமை மறைந்திருந்தது. மருந்து பயனற்றது என்று இதற்குப் பொருளன்று. மிகுந்த அல்லல்படும் பிள்ளைக்கு அது பாடத்தைக் கேட்கும் காதைத் திறந்துகொடுக்கிறது, திறந்த காதுக்குள் எதைச் சொல்கிறோம் என்பது நம் பொறுப்பாகவே நிற்கிறது. ஆறு வயதுக்குட்பட்ட குழந்தைக்கு முதலில் பெற்றோருக்கான பயிற்சியே கொடுக்க வேண்டும் என்பது இன்றைய வைத்திய வழிகாட்டிகளின் ஒருமித்த கருத்து.

பதின்பருவம் வந்தபின் விஷயம் வேறு உருவம் கொள்கிறது. ஓடித் திரிந்த கால்கள் அடங்கிவிடும். அமைதியின்மை உள்ளே குடிபுகும். தூக்கம் இயல்பாகவே பின்னிரவுக்குத் தள்ளிப்போகும் அவ்வயதில், விடியற்காலை தாய் எழுந்து அடுப்பு மூட்டும் ஓசையில் ஒரே அறை வீட்டின் எல்லாரும் விழித்துவிட, பையனோ பெண்ணோ அரைத் தூக்கத்தில் பத்தாம் வகுப்புக்குச் செல்கிறார்கள். பெண்பிள்ளைகள் இன்னொரு அநீதிக்கும் ஆளாகிறார்கள்: அவர்களுடைய கவனக்குறைவு பெரும்பாலும் சத்தமில்லாதது, ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டு தொந்தரவு செய்யாமல் இருக்கும் சிறுமியை எவரும் வைத்தியரிடம் அழைத்துச் செல்வதில்லை. தாய் மலைக்குப் போனபின் தம்பி தங்கையரைக் குளிப்பாட்டி, தண்ணீர் பிடித்து, அரிசி களைந்து வைத்துவிட்டுப் பள்ளிக்கு ஓடி வரும் மூத்த பெண், தனக்கே இரவல் தேவைப்படும் வயதில் பிறருக்குக் கொடுப்பவளாகிவிடுகிறாள். 2015–16-இல் பெங்களூர் நிம்ஹான்ஸ் மனநல நிறுவனம் நடத்திய தேசிய மனநலக் கணக்கெடுப்பு, 13 முதல் 17 வயது வரையுள்ளோரில் 7.3 விழுக்காட்டினருக்கு ஏதேனும் ஒரு மனநலக் கோளாறு இருப்பதாகக் கண்டது. நாற்பது பேர் உள்ள வகுப்பில் மூவர் என்று அதைப் படித்துக்கொள்ளலாம். இவ்வயதினரிடம் உணர்ச்சிக்குப் பெயர் சொல்லச் சொல்லிக் கேட்பது பெரும்பாலும் பலிக்காது. பக்கத்தில் உட்கார்ந்து வேலை செய்யும்போதோ, சைக்கிள் தள்ளிக்கொண்டு நடக்கும்போதோ, முகம் பாராமல் பேசும் பேச்சில்தான் அவர்கள் மனம் திறப்பார்கள். யாரிடமும் பேச முடியாத இரவுகளுக்கு 14416 என்ற டெலிமானஸ் மனநல உதவி எண்ணும், தமிழ்நாட்டின் 104 உதவி எண்ணும் உண்டு. அவற்றைப் பள்ளிச் சுவரில் எழுதி வைத்தால் மட்டும் போதாது, கூப்பிட்டால் ஏச்சுக் கிடைக்காது என்று வகுப்பாசிரியர் ஒருமுறையாவது வாய்விட்டுச் சொல்ல வேண்டும்.

சட்டங்களும் திட்டங்களும் இத்துறையில் இல்லாமலில்லை. 2009-ஆம் ஆண்டுக் கல்வி உரிமைச் சட்டத்தின் 17-ஆம் பிரிவு உடல் தண்டனையையும் மன வதையையும் தடை செய்தது. 2013-இல் தொடங்கிய தேசியச் சிறார் நலத் திட்டத்தின் நடமாடும் குழுக்கள் ஆண்டுக்கொரு முறை அரசுப் பள்ளிகளுக்கும் இரு முறை அங்கன்வாடிகளுக்கும் வந்து சோதிக்க வேண்டிய முப்பது நிலைகளுள் கவனக்குறைவுக் கோளாறும் ஒன்று. ஆனால், 2016-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் சட்டம் எண்ணிய இருபத்தொரு வகைகளில் கற்றல் குறைபாடு இடம்பெற, இக்கோளாறு இடம்பெறவில்லை. ஒரே வருகையில் பல பிள்ளைகளின் பல்லையும் கண்ணையும் பார்க்கும் குழுவால், ஆறு மாதம் கவனித்தால்தான் புலப்படும் ஒன்றை எப்படிக் காண முடியும்? அதைக் காண்பவர் வகுப்பாசிரியர்தான், எனவே அவர் எழுதிவைத்த குறிப்பே அக்குழுவுக்கு முதல் ஆதாரமாக வேண்டும். அதற்குப் பின், கூடலூரிலிருந்து ஆண்டிபட்டிக்கு அருகிலுள்ள க.விலக்கு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கு ஐம்பது கிலோமீட்டருக்கு மேல் பேருந்தில் போய்வரத் தாய் ஒரு நாள் கூலியை இழக்க வேண்டும். அடுத்த மாதமும் இழக்க வேண்டும். மாவட்ட மனநலத் திட்டத்தின் மருத்துவர் உத்தமபாளையத்திலோ கம்பத்திலோ கூலி இல்லாத ஞாயிற்றுக்கிழமையில் பிள்ளைகளைப் பார்க்க ஏற்பாடு செய்தால், மருந்துச் சீட்டுகளில் பாதி வீணாகாமல் பிழைக்கும்.

நல்ல ஏற்பாடு ஒன்று ஏற்கெனவே நடந்திருப்பதையும் சொல்ல வேண்டும். 2022 செப்டம்பர் 15 அன்று மதுரையில் தொடங்கி, 2023 ஆகஸ்டில் மாநிலத்தின் எல்லா அரசுத் தொடக்கப் பள்ளிகளுக்கும் விரிந்த காலை உணவுத் திட்டம், தாய் இருட்டில் புறப்பட்ட வீட்டுப் பிள்ளை வெறும் வயிற்றோடு முதல் பாடத்தில் உட்காரும் நிலையை மாற்றியது. பசியோடு உள்ள பிள்ளைக்குக் கவனப் பயிற்சி சொல்லும் அபத்தத்திலிருந்து நம்மை அது விடுவித்தது. ஆனால், ஜீப்பு புறப்படும் நேரத்துக்கும் பள்ளியில் உப்புமா பரிமாறும் நேரத்துக்கும் இடையேயுள்ள மூன்று மணி நேரம் இன்னும் எவருடைய பொறுப்பிலும் இல்லை. 1951-ஆம் ஆண்டுத் தோட்டத் தொழிலாளர் சட்டம், ஐம்பது பெண்களோ அதற்கு மேலோ வேலை செய்யும் தோட்டங்களில் ஆறு வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்குக் காப்பகம் வைக்க வேண்டுமென விதித்தது; ஏலத்தோட்டங்களில் பெரும்பாலானவை சிறியவை, அவ்விதியின் வரம்புக்குள் வராதவை; வந்தவற்றிலும், மாநில எல்லைக்கு இப்பால் உறங்கிக்கொண்டிருக்கும் குழந்தைக்கு அந்தக் காப்பகத்தால் என்ன பயன்?

காப்பகம் தோட்டத்தில் இருப்பதைவிட ஜீப்பு புறப்படும் ஊரில் இருப்பதே பொருத்தம். அங்கன்வாடிக் கட்டடம் அந்நேரத்தில் பூட்டித்தான் கிடக்கிறது. அதே தெருவில் மகளிர் சுய உதவிக் குழுவைச் சேர்ந்த இரு பெண்களுக்கு மாதச் சம்பளம் கொடுத்து, விடியுமுன் அதைத் திறந்து, தாய்மார் விட்டுச்செல்லும் சிறு பிள்ளைகளைப் பாயில் மறுபடி தூங்கவைத்து, எழுந்தபின் முகங்கழுவித் தலைவாரி, பள்ளி நேரத்தில் கையைப் பிடித்துக் கொண்டுபோய் விடும்படி செய்யலாம். மாலையில் ஜீப்பு திரும்பும்வரை அதே பெண்கள் அதே திண்ணையில் இருக்கலாம். செலவைத் தமிழ்நாட்டு அரசும், இப்பெண்களின் உழைப்பால் ஏலக்காய் விற்கும் தோட்ட முதலாளிகளும் பங்கிட்டுக்கொள்வதே முறை. போடிநாயக்கனூரில் ஏலக்காய்க்கு ஏலம் நடக்கிறது. அங்கே விற்கும் ஒவ்வொரு கிலோவின்மேலும் மிகச் சிறியதொரு தொகையை இதற்கென ஒதுக்கினால், கூடலூர் முதல் போடி வரை இத்தகைய காப்பகங்களைத் திறந்துவிடலாம்.